பட்டறை மென்பொருளை ஜெர்மன் பேசும் மெக்கானிக்குகளுக்கு மாற்றுதல்: எதையெல்லாம் தொட வேண்டும்?

#1 நிரல்வாணன்

வணக்கம். ஆங்கிலத்தில் இயங்கும் ஒரு பட்டறை மென்பொருளை ஜெர்மனி, ஆஸ்திரியா, சுவிட்சர்லாந்து மூன்றுக்கும் கொண்டுபோக வேண்டும். வண்டியைப் பதிவது, ஈசியூவிலிருந்து (வண்டியின் கட்டுப்பாட்டுக் கணினி) பழுதுக் குறியீடு வாசிப்பது, கழற்றி மாட்டும் வழிமுறைகள், வயரிங் படங்கள், வேலை நேரக் கணக்கு, பில் எல்லாம் அதற்குள் இருக்கின்றன. திரையில் வரும் சொற்களை ஏற்கெனவே தனிக் கோப்பாகப் பிரித்தாயிற்று. அந்தக் கோப்பை மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்து வாங்கினால் போதுமா, நிரலிலும் தரவுத்தளத்திலும் கை வைக்க வேண்டியது உண்டா? எந்த கார் கம்பெனியோடும் ஒப்பந்தம் இல்லாத, மூன்று நான்கு லிஃப்ட் வைத்திருக்கும் சிறு பட்டறைகளுக்காகத்தான் செய்கிறோம்.

#2 பட்டறைக்குறிப்பு

முதல் திரையிலேயே கை வைக்க வேண்டும். ஆங்கில மென்பொருள்கள் பிராண்ட், மாடல், வருடம், எஞ்சின் என்று வரிசையாகக் கேட்கும். ஜெர்மன் பட்டறையில் அப்படி யாரும் வண்டியைத் தேடுவதில்லை. கவுன்ட்டரில் வாடிக்கையாளர் பதிவுச் சான்றை நீட்டுவார். அதில் 2.1 கட்டத்தில் நான்கு இலக்க எச்எஸ்என், அதாவது தயாரிப்பாளர் எண். 2.2 கட்டத்தின் முதல் மூன்று எழுத்துகள் டிஎஸ்என், அதாவது வகை எண். இந்த ஏழையும் தட்டினால் வண்டி திரையில் வந்துவிட வேண்டும். 2005 அக்டோபர் 1க்கு முன் கொடுத்த பழைய தாளில் இவை "ட்சூ 2", "ட்சூ 3" என்ற கட்டங்களில் இருக்கும். உள்ளிடும் இடத்துக்குப் பக்கத்தில் இரண்டு தாளின் படத்தையும் சிறிதாக வைத்துவிடுங்கள்.

தரவுத்தளத்தில் எச்எஸ்என்னை எண்ணாகச் சேமிக்கவே கூடாது. ஃபோக்ஸ்வாகன் 0603, பிஎம்டபிள்யூ 0005. எண்ணாகப் போட்டால் முன்னால் உள்ள சுழியம் போய் 603, 5 என்று நிற்கும். எக்செல் வழியாக ஒரு முறை போய்வந்தாலும் இதே கதிதான். டிஎஸ்என்னில் எழுத்தும் இலக்கமும் கலந்து வரும், ஆகவே அதுவும் உரைதான்.

தனியாக இறக்குமதி செய்து, தனியாக ஒப்புதல் வாங்கிய வண்டிகளுக்கு டிஎஸ்என் 000 என்றிருக்கும். அப்போது "வண்டி கிடைக்கவில்லை" என்று நிறுத்தாமல், ஈ கட்டத்தில் உள்ள 17 எழுத்து சேசிஸ் எண்ணைக் கேட்க வேண்டும்.

ஆஸ்திரியாவில் இந்த முறை கிடையாது, அங்கே பதிவுச் சான்றில் தேசியக் குறியீடு என்று ஒன்று இருக்கும். சுவிட்சர்லாந்தில் வாகன அட்டையின் 24ஆம் கட்டத்தில் வகை ஒப்புதல் எண், 23இல் சேசிஸ் எண். ஒரே உள்ளீட்டுப் பெட்டியை மூன்று நாட்டுக்கும் இழுக்க வேண்டாம். நாடு தெரிந்ததும் பெட்டியே மாறட்டும்.

#3 நிரல்வாணன்

எங்கள் உதிரிபாகத் தரவு, டெக்டாக் என்ற உதிரிபாகத் தரவுத்தளம் ஒவ்வொரு வண்டி வகைக்கும் கொடுக்கும் கே-டைப் எண்ணை வைத்து ஓடுகிறது. எச்எஸ்என் டிஎஸ்என்னிலிருந்து கே-டைப்புக்கு ஒன்றுக்கு ஒன்று பொருத்தம் உண்டா?

#4 பட்டறைக்குறிப்பு

இல்லை. ஒரே ஏழெழுத்துக்கு இரண்டு மூன்று கே-டைப் வரும், ஒரு கே-டைப்புக்குப் பல ஏழெழுத்தும் வரும். பல-பல உறவு அட்டவணையாக வையுங்கள். ஒன்றுக்கு மேல் வந்தால் தயாரிப்புக் காலம், எஞ்சின் குறியீடு இரண்டையும் காட்டி மெக்கானிக்கையே தேர்ந்தெடுக்கச் சொல்லுங்கள். மென்பொருள் தானாக முதல் வரிசையை எடுத்துக்கொண்டால், முன் பிரேக் டிஸ்க் 288 மில்லிமீட்டரா 312ஆ என்பதில் தவறு வரும். பார்ட்ஸ் வந்து, வண்டி லிஃப்டில் ஏறி, வீலைக் கழற்றிய பிறகுதான் அது தெரியும்.

நம்பர் பிளேட் தேடலையும் இதோடு பார்த்துவிடுங்கள். ஜெர்மன் பிளேட்டில் ஊர்க் குறியீட்டுக்கும் அடுத்த எழுத்துகளுக்கும் நடுவே உள்ள இடைவெளிக்குப் பொருள் உண்டு. எச் என்றால் ஹானோவர், எச்எச் என்றால் ஹாம்புர்க். "எச்-எச்ஏ 12", "எச்எச்-ஏ 12" இரண்டும் வேறு வேறு வண்டிகள். கோடும் இடைவெளியும் நீக்கிச் சேமித்தால் இரண்டும் ஒன்றாகிவிடும். ஊர், எழுத்து, எண் மூன்றையும் தனித்தனிப் புலமாக வையுங்கள். ட்யூபிங்கன், ஃப்யூர்ட் போன்ற ஊர்க் குறியீடுகளில் உம்லவுட் (மேலே இரண்டு புள்ளி வைத்த எழுத்து) வருவதால் வெறும் ஏ முதல் இசட் வரை என்று சரிபார்ப்பு எழுதினால் அந்த ஊர் வண்டிகளைப் பதியவே முடியாது.

#5 சொற்பெட்டி

மொழிபெயர்ப்பாளரிடம் கோப்பைக் கொடுப்பதற்கு முன் சொல்பட்டியல் தயார் செய்யுங்கள். பொது மொழிபெயர்ப்பாளர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் சில இடங்களில் தவறாமல் சறுக்குவார்.

மிஸ்ஃபயர்: அகராதியில் முதலில் கிடைப்பது "ஃபேல்ட்சுண்டுங்". மெக்கானிக் அதைப் படித்தால் சைலன்சரில் வெடிக்கிற பேக்ஃபயர் என்று நினைப்பார். முதல் சிலிண்டர் மிஸ்ஃபயரைக் குறிக்கும் பி0301 என்ற பழுதுக் குறியீட்டுக்கு வேண்டியது "ஃபெர்பிரென்னுங்ஸ் அவுஸ்செட்சர்", எரிதல் விட்டுப்போதல்.

டார்க் (முறுக்குவிசை): எஞ்சின் தரும் டார்க் "ட்ரேமொமென்ட்". போல்ட்டை இறுக்கும் டார்க் "அன்ட்சுக்ஸ்ட்ரேமொமென்ட்". ஆங்கிலக் கோப்பில் இரண்டுக்கும் ஒரே அடையாளப் பெயரைப் பயன்படுத்தியிருந்தால் இப்போதே பிரித்துவிடுங்கள்.

எக்ஸாஸ்ட்: வாயு என்றால் "அப்காஸ்", குழாய் என்றால் "அவுஸ்புஃப்". 

டைமிங்: வால்வு டைமிங் வேறு சொல், இக்னிஷன் டைமிங் வேறு சொல். ஆங்கிலத்தில் "செக் டைமிங்" என்று மொட்டையாக இருக்கும் வரியை மொழிபெயர்ப்பாளர் ஊகிக்கத்தான் முடியும். எது என்று பக்கத்தில் குறிப்பு எழுதிக் கொடுங்கள்.

ரீப்ளேஸ்: இதுதான் எல்லாவற்றிலும் செலவு வைப்பது. "அவுஸ்டவுஷன்" என்று போட்டால், பழையதைக் கொடுத்துப் புதுப்பித்த பாகம் வாங்கும் எக்ஸ்சேஞ்ச் முறையை நினைவூட்டும். புதுப் பாகம் போடு என்று சொல்ல "எர்நொயர்ன்" அல்லது "எர்செட்சன்", இரண்டில் ஒன்றை முடிவு செய்து கடைசிவரை அதையே வையுங்கள். ஒருமுறை கழற்றினால் மறுபடி பயன்படுத்தக் கூடாத போல்ட்டுகளின் எச்சரிக்கை இந்தச் சொல்லில்தான் நிற்கிறது.

வழிமுறைகளில் "நீங்கள் கழற்றுங்கள்" என்ற மரியாதை வடிவமும் வேண்டாம், நட்பான "நீ" வடிவமும் வேண்டாம். ஜெர்மன் பட்டறைக் கையேடுகள் வினையை முழு வடிவில் கடைசியில் வைக்கும்: பாகத்தின் பெயர், பிறகு "அவுஸ்பவுவன்" (கழற்றுதல்). இதில் இன்னொரு வசதியும் உண்டு. ஆங்கிலத்தில் "ரிமூவ்" என்ற சொல்லோடு பாகப் பெயரை நிரல் ஒட்டுகிறது என்றால், ஜெர்மனில் ஆண்பால், பெண்பால், அஃறிணை மூன்றுக்கும் ஆர்ட்டிகிள் (பெயருக்கு முன் வரும் சிறு சொல்) மாற வேண்டும். முழு வினை வடிவில் ஆர்ட்டிகிளே தேவையில்லை, அதனால் ஒட்டினாலும் இலக்கணம் கெடாது. ஆனால் பன்மை, அடைமொழி வரும் இடங்களில் ஒட்டுவதை விட்டுவிட்டு முழு வரியாகவே எழுதிவிடுங்கள்.

எச்சரிக்கைச் சொற்கள் நான்கு படி: டேஞ்சர், வார்னிங், காஷன், நோட்டீஸ். ஜெர்மனில் கெஃபார், வார்னுங், ஃபோர்ஸிஷ்ட், ஹின்வைஸ். காஷனுக்கு "அஹ்டுங்" என்று பலர் போடுவார்கள். அது எந்தப் படி என்று யாருக்கும் தெரியாது. ஏர்பேக், ஹைவோல்டேஜ் பக்கங்களில் இந்த நான்கும் குழம்பினால் ஆள் அடிபடுவார்.

#6 கம்பிநிறம்

சொற்பெட்டி சொன்னதெல்லாம் சரி. வயரிங் படங்களை மட்டும் எந்த மொழிபெயர்ப்பாளரிடமும் கொடுக்காதீர்கள்.

ஜெர்மன் வண்டிகளின் சர்க்யூட் படங்களில் நிறம் இரண்டு சிறிய எழுத்துகளாக வரும். ஃபோக்ஸ்வாகன் குழும முறையில் எஸ்-டபிள்யூ கறுப்பு, டபிள்யூ-எஸ் வெள்ளை, ஆர்-ஓ சிவப்பு, பி-ஆர் பழுப்பு, ஜி-என் பச்சை, பி-எல் நீலம், ஜி-ஈ மஞ்சள், எல்-ஐ ஊதா, ஜி-ஆர் சாம்பல். இதில் இரண்டு கண்ணி இருக்கிறது. ஆங்கிலப் பழக்கம் உள்ளவர் பி-எல்லைக் கறுப்பு என்பார், ஜி-ஆரைப் பச்சை என்பார். ஜெர்மன் மெக்கானிக் முதலாவதை நீலம், இரண்டாவதைச் சாம்பல் என்றே படிப்பார். உங்கள் ஆங்கிலத் தரவு பல கம்பெனிகளிடமிருந்து வந்தது என்றால், பி-எல் என்று எழுதியிருப்பது எந்த நிறம் என்பதே மூலத்துக்கு மூலம் மாறியிருக்கும். அதனால் எழுத்திலிருந்து எழுத்துக்கு மாற்றும் அட்டவணை போடக் கூடாது. மூலத்தில் உள்ளதை முதலில் நிறமாக மாற்றி, நிறத்துக்கு ஒரு உள் எண் கொடுத்து, காட்டும்போது மட்டும் ஜெர்மன் எழுத்தைக் காட்டுங்கள். சோதிக்க ஒரு சுலபமான வழி: ஜெர்மன் வண்டிகளில் எர்த் கம்பி வழக்கமாகப் பழுப்பு. மாற்றிய படத்தில் எர்த் பாயின்ட்டுக்குப் போகும் கம்பிகள் பெரும்பாலும் பழுப்பாக இல்லையென்றால் அட்டவணையில் தவறு இருக்கிறது.

அடுத்தது டெர்மினல் எண்கள். டிஐஎன் 72552 என்ற ஜெர்மன் தரப்படி 30 என்றால் பேட்டரி பிளஸ், 31 எர்த், 15 சாவி போட்டதும் வரும் பிளஸ், 50 ஸ்டார்ட்டருக்குப் போவது. ரிலேயில் 85, 86 காயில், 87 வெளியேறும் முனை. ஜெர்மன் மெக்கானிக் "இக்னிஷன் ஆன் செய்து மின்னழுத்தம் பார்" என்று படிப்பதைவிட "கிளெம்ம 15 வருகிறதா" என்று படிக்கவே பழகியவர் (கிளெம்ம என்றால் டெர்மினல்). ஆங்கில வரியில் "இக்னிஷன் சப்ளை", "ஸ்விட்ச்ட் பவர்", "ரன் வோல்டேஜ்" என்று மூன்று விதமாக இருந்தாலும், அது அந்த முனைதான் என்று உறுதியானால் மூன்றும் கிளெம்ம 15.

கம்பித் தடிமன் சதுர மில்லிமீட்டரில், தசமக் காற்புள்ளியோடு: 0,35, 0,5, 2,5. அமெரிக்க கேஜ் எண் ஒன்றுகூட மிஞ்சக் கூடாது.

#7 நிரல்வாணன்

தசமக் காற்புள்ளி பற்றிச் சொன்னீர்கள். நிரலில் லொக்கேல் அமைப்பு (நாட்டுக்கேற்ப எண், தேதி வடிவத்தை மாற்றுவது) ஏற்கெனவே இருக்கிறது. அது போதாதா?

#8 முறுக்குவிசை

காட்டுவதற்குப் போதும், வாங்குவதற்குப் போதாது.

ஜெர்மனியில் 1.500 என்றால் ஆயிரத்து ஐந்நூறு. ஆங்கில நிரல் அதை ஒன்றரை என்று படிக்கும். சுவிட்சர்லாந்தில் ஆயிரத்தைப் பிரிக்க மேற்கோள் குறி, தொகைகளில் தசமத்துக்குப் புள்ளி: 1’500.50. ஜெர்மன் கீபோர்டின் எண் பகுதியில் புள்ளி கிடையாது, காற்புள்ளிதான். சுவிஸ் கீபோர்டில் அங்கே புள்ளி. ஆகவே உள்ளீட்டில் இரண்டையும் ஏற்று, பயனர் எழுதியதை உடனே அலகோடு திருப்பிக் காட்டுங்கள். புள்ளிக்குப் பின் சரியாக மூன்று இலக்கம் வந்தால் மட்டும் நிறுத்திக் கேளுங்கள். வால்வு இடைவெளி 0,25 மில்லிமீட்டர் என்பது 25 ஆகப் பதிவானால் சிரமம்.

டார்க்கை ஒரே எண் புலமாக வைத்திருந்தால் அதை இப்போதே உடையுங்கள். இன்றைய வண்டிகளில் சிலிண்டர் ஹெட் போல்ட் "40 நியூட்டன் மீட்டர், பிறகு 90 டிகிரி, பிறகு மீண்டும் 90 டிகிரி" என்று படிப்படியாகத்தான் வரும். படி எண், மதிப்பு, அலகு (முறுக்குவிசை அல்லது கோணம்), புது போல்ட் வேண்டுமா என்று நான்கு நெடுவரிசை போதும். பவுண்ட்-அடியிலிருந்து மாற்றிய எண்ணைத் தசமத்தோடு காட்ட வேண்டாம். கம்பெனி கொடுத்த நியூட்டன் மீட்டர் மதிப்பைத் தேடி, அதையே எடுங்கள்.

எஞ்சின் திறன் பதிவுச் சான்றின் பி.2 கட்டத்தில் கிலோவாட்டில் இருக்கும். ஆனால் பேச்சில் எல்லாரும் பிஎஸ், அதாவது மெட்ரிக் குதிரைத்திறன். 1 பிஎஸ் என்பது 0,7355 கிலோவாட். ஆங்கில ஹார்ஸ்பவர் 0,7457. உங்கள் நிரலில் ஹார்ஸ்பவர் புலத்துக்கு பிஎஸ் என்று பெயரை மட்டும் மாற்றினால் 110 கிலோவாட் வண்டி 150க்குப் பதில் 148 என்று காட்டும். மாடல் வரிசையில் அப்படி ஒன்று இருக்காது, மெக்கானிக்குக்கு அங்கேயே நம்பிக்கை போய்விடும்.

வேலை நேரமும் இங்கேதான் சேரும். ஆங்கிலத்தில் 1.5 மணி என்று காட்டுவீர்கள். ஜெர்மனியில் கம்பெனிக்குக் கம்பெனி அலகு வேறு. பிஎம்டபிள்யூவில் ஒரு மணிக்கு 12 ஆர்பைட்ஸ்வெர்ட் (வேலை அலகு), அதாவது ஒன்றுக்கு 5 நிமிடம். வேறு சில இடங்களில் மணிக்கு 10, ஒன்றுக்கு 6 நிமிடம். ஃபோக்ஸ்வாகனில் மணிக்கு 100 ட்சைட்ஐன்ஹைட் (நேர அலகு). மணிக்கூலி 132 யூரோ என்றால் 18 ஆர்பைட்ஸ்வெர்ட் வேலைக்கு முதல் கணக்கில் 198 யூரோ, இரண்டாம் கணக்கில் 237,60. ஆகவே தரவுத்தளத்தில் நிமிடமாக வைத்து, அலகையும் அதன் வகுத்தியையும் பிராண்டோடு இணைத்து வையுங்கள். பில்லில் அலகின் பெயரோடு வகுத்தியும் அச்சாக வேண்டும்.

#9 பேரேடு

பில் பக்கம் வந்ததால் சொல்கிறேன். ஆங்கில மென்பொருளில் எதிர்பார்க்காத ஒன்று ஜெர்மன் பட்டறை பில்லில் உண்டு: ஆல்ட்தைல்ஷ்டொயர், பழைய பாகத்துக்கான வரி. புதுப்பித்த எஞ்சின், கியர்பாக்ஸ், ஆல்டர்னேட்டர் போன்றவற்றை எக்ஸ்சேஞ்சில் போடும்போது வாடிக்கையாளர் பழைய பாகத்தை விட்டுச் செல்கிறார். அதுவும் ஒரு கொடுப்பனவு என்று வரித்துறை எடுத்துக்கொள்கிறது. அதன் மதிப்பைச் சராசரியாகப் புதுப்பித்த பாகத்தின் வரியில்லா விலையில் 10 சதவீதம் என்று வைத்து, அதற்கும் 19 சதவீத விற்பனை வரி வாங்க வேண்டும்.

எக்ஸ்சேஞ்ச் எஞ்சின் வரியில்லாமல் 3000 யூரோ. பழையதன் மதிப்பு 300. வரி 3300க்கு, அதாவது 627. வாடிக்கையாளர் கொடுப்பது 3627. அந்த 300 பில் தொகையில் சேராது, வரிக்கு மட்டும் அடிப்படை.

தள்ளுபடி கொடுத்தால் இங்கே எல்லாரும் தவறு செய்வார்கள். 10 சதவீதம் தள்ளுபடி போக எஞ்சின் 2700. ஆனால் பழைய பாகத்தின் மதிப்பைத் தள்ளுபடிக்கு முந்தைய விலையில்தான் கணக்கிட வேண்டும், அது 300ஆகவே நிற்கும். வரி 3000க்கு 570, மொத்தம் 3270.

#10 நிரல்வாணன்

பாகத்தின் விலையையே 10 சதவீதம் கூட்டிவிட்டால் வரி தானாகச் சரியாக வந்துவிடாதா?

#11 பேரேடு

வரி சரியாக வரும், நிகரத் தொகை தவறாகிவிடும். வாடிக்கையாளரிடம் 300 யூரோ கூடுதலாக வாங்கியதாக பில் பேசும், வருமானக் கணக்கும் ஊதிவிடும். பாக அட்டவணையில் "எக்ஸ்சேஞ்ச்" என்ற குறியும், பில்லில் இதற்கென்று தனி வரிசையும் வேண்டும். வாடிக்கையாளர் பழைய பாகத்தைத் தராமல் தன்னிடமே வைத்துக்கொண்டால் அந்த வரிசையை நீக்க ஒரு பொத்தானும் வேண்டும்.

மின்னணு பில்லில் இது கொஞ்சம் முள். ஜெர்மனியில் தொழில் நிறுவனங்கள் 2025 ஜனவரி 1 முதல் மின்னணு பில்லைப் பெறும் நிலையில் இருந்தாக வேண்டும். தொழில் நிறுவன வாடிக்கையாளருக்கு அனுப்புவது 2027இல் முந்தைய ஆண்டு விற்பனை 8 லட்சம் யூரோவைத் தாண்டியவர்களுக்கும், 2028இல் மற்றவர்களுக்கும் கட்டாயமாகிறது. எக்ஸ்-ரெஷ்னுங், ட்சூக்ஃபெர்ட் என்ற இரண்டு மின்னணு பில் வடிவங்களும் ஈஎன் 16931 என்ற ஐரோப்பியத் தரத்தில் நிற்பவை. அந்தத் தரத்தின் சரிபார்ப்பில் வரிக்கான அடிப்படைத் தொகையும் பில் வரிசைகளின் கூட்டுத்தொகையும் ஒத்துப்போக வேண்டும். நம் பில்லில் ஒத்துப்போகாது. இதற்கு நடைமுறையில் ஓடும் வழி: பழைய பாக மதிப்பு 300 என்று 19 சதவீதத்தில் ஒரு வரிசை, உடனே 300ஐக் கழித்து 0 சதவீதத்தில் இன்னொரு வரிசை. கழிக்கும் வரிசையில் விலையை மைனஸாகப் போட்டால் சரிபார்ப்பு ஏற்காது. விலை 300, எண்ணிக்கை மைனஸ் 1 என்று போடுங்கள். அந்த வரிசைக்கு "வரி வரம்புக்கு வெளியே" என்ற ஓ வகையையும் கொடுக்காதீர்கள், அதை மற்ற வகைகளோடு ஒரே பில்லில் கலக்க முடியாது. எந்த வகை என்பதைப் பட்டறையின் ஆடிட்டர் முடிவு செய்யும்படி அமைப்பில் விடுங்கள்.

ஆஸ்திரியாவில் விற்பனை வரி 20, சுவிட்சர்லாந்தில் 2024 முதல் 8,1. விகிதத்தைத் தேதியோடு சேமியுங்கள். ஜெர்மனியிலேயே 2020 ஜூலை முதல் டிசம்பர் வரை 16ஆக இருந்தது. பழைய பில்லைத் திறந்து திருத்தும்போது அது தேவைப்படும். ஆடிட்டருக்கு டாட்டெவ் என்ற கணக்கு மென்பொருளின் கோப்பாக அனுப்ப வேண்டும். பிரிப்பான் அரைப்புள்ளி, 19 சதவீத விற்பனைக் கணக்கு எஸ்கேஆர் 03இல் 8400, எஸ்கேஆர் 04இல் 4400. எஸ்கேஆர் என்பது கணக்கு எண்களின் அட்டவணை, எந்த அட்டவணை என்பதை நிறுவும்போதே கேட்டுவிடுங்கள்.

#12 பட்டறைக்குறிப்பு

வாகனத் தகுதிச் சோதனை நினைவூட்டலும் நாட்டுக்கு நாடு வேறு. ஜெர்மனியில் புதுக் காருக்கு 3 ஆண்டு, பிறகு 2 ஆண்டுக்கு ஒருமுறை. சோதிப்பவர் பட்டறைக்காரர் அல்ல, ட்யூஃப், டெக்ரா போன்ற அமைப்பின் பொறியாளர். பட்டறைக்கு அவர் வரும் நாளை ஒட்டி வண்டிகளை வரிசைப்படுத்தும் நாட்காட்டிதான் வேண்டும். ஆஸ்திரியாவில் அனுமதி பெற்ற பட்டறையே சோதித்து "பிக்கெர்ல்" என்ற ஸ்டிக்கரை ஒட்டுகிறது, ஆகவே சோதனை அறிக்கை எழுதும் முழுப் பகுதியும் தேவை. சுவிட்சர்லாந்தில் மாகாண அலுவலகம் கடிதம் அனுப்பி அழைக்கும். பட்டறையின் வேலை வண்டியைக் கழுவி, சரிசெய்து, கொண்டுபோய்க் காட்டுவது. இடைவெளிகளை நிரலுக்குள் எழுதாமல் அட்டவணையில் வையுங்கள், சட்டம் மாறும்.

#13 சொற்பெட்டி

தேடல் பெட்டியை விட்டுவிட்டோம். மெக்கானிக் "ஓல்ஃபில்டர்" (ஆயில் ஃபில்டர்) என்பதை உம்லவுட் போட்டும் தட்டுவார், ஓ-ஈ என்று பிரித்தும் தட்டுவார், கையுறையோடு அவசரத்தில் வெறும் ஓ மட்டும் தட்டுவார். மூன்றும் ஒரே பாகத்துக்குப் போக வேண்டும். கூட்டுச் சொற்களை உடைத்தும் தேட வேண்டும்: "பிரெம்ஸ்ஷைபன் ஃபாவ்-ஆ" என்றால் முன் ஆக்ஸில் பிரேக் டிஸ்க், "ஹா-ஆ" என்றால் பின் ஆக்ஸில். இந்தச் சுருக்கங்களைத் தேடல் அகராதியில் சேருங்கள்.

திரை அகலம்: ஜெர்மன் சொற்கள் இடைவெளியில்லாமல் நீளும். பொத்தான்களில் ஆங்கிலத்தைவிட மூன்றில் ஒரு பங்கு கூடுதல் இடம் வையுங்கள். இஜிஆர் வால்வின் (எக்ஸாஸ்ட் வாயுவை எஞ்சினுக்குத் திருப்புவது) முழுப் பெயர் பாதியில் வெட்டுப்பட்டு நிற்பதைவிட ஏஜிஆர் என்ற சுருக்கமே எல்லா மெக்கானிக்குக்கும் பழக்கம். டிபிஎஃப் (டீசல் புகைத்துகள் வடிகட்டி), எஸ்சிஆர் (நைட்ரஜன் ஆக்சைடைக் குறைக்கும் முறை) அப்படியே போகும்.

#14 நிரல்வாணன்

நிறைய வேலை இருக்கிறது என்று புரிகிறது, எல்லாருக்கும் நன்றி. கடைசியாக இரண்டு சந்தேகம். ஜெர்மன் உரையை யாரிடம் காட்டிச் சரிபார்ப்பது? மூன்று நாட்டுக்கும் மூன்று மொழிக் கோப்பு வேண்டுமா?

#15 முறுக்குவிசை

கேஎஃப்இசட் மெக்காட்ரோனிகர் (வாகன மெக்கானிக்) பயிற்சி முடித்து, இன்றும் கையால் வேலை செய்கிற ஒருவரிடம். ஆங்கில மூலத்தை அவருக்குக் காட்டாதீர்கள். ஜெர்மன் வழிமுறையை மட்டும் டேப்லெட்டில் கொடுத்து, உண்மையான வண்டியில் ஒரு முன் பிரேக், ஒரு டைமிங் பெல்ட், ஒரு ஏசி கேஸ் நிரப்பல் செய்யச் சொல்லுங்கள். எங்கே நின்று மறுபடி படிக்கிறார் என்று குறித்துக்கொள்ளுங்கள். அந்த வரிகளைத்தான் திருத்த வேண்டும், மீதியைத் தொட வேண்டாம்.

#16 சொற்பெட்டி

ஒரு பொதுக் கோப்பு, அதன் மேல் இரண்டு சிறிய கோப்புகள் போதும். ஜெர்மனி முழுமையாக இருக்கட்டும். ஆஸ்திரியக் கோப்பில் சோதனை, பதிவு, பாடி வேலை சார்ந்த சொற்கள் மட்டும் மாறும். அங்கே பாடி வேலை செய்பவர் "ஷ்பெங்லர்". சுவிஸ் கோப்பில் இவற்றோடு எஸ்ஸெட் (ஜெர்மனின் கூர்மையான எஸ்) எழுத்தே வராது, எல்லா இடத்திலும் இரட்டை எஸ். எஸ்ஸெட்டை இரட்டை எஸ்ஸாக நிரல் தானே மாற்றலாம், தவறு வராது. சுவிஸ் உரையிலிருந்து ஜெர்மன் உரையைத் திருப்பி உருவாக்க முயல வேண்டாம், எந்த இரட்டை எஸ் முதலில் எஸ்ஸெட்டாக இருந்தது என்று நிரலுக்குத் தெரியாது. எண், தேதி, நாணய வடிவம் மூன்று நாட்டுக்கும் தனித்தனியாகவே இருக்கட்டும், அதில் ஒன்று இல்லையென்றால் இன்னொன்றை எடுத்துக்கொள் என்ற ஏற்பாடு கூடாது.